அடுக்குக்குறி விதிகள்: பிள்ளைகள் திரும்பத் திரும்பக் கேட்கும் சந்தேகங்கள்

தக்கலைக்குப் பக்கத்தில் எங்கள் வீட்டு முன்னறையில் சாயங்காலம் கணக்கு சொல்லிக்கொடுக்கிறேன். ஏழாம் வகுப்பிலிருந்து பத்தாம் வகுப்பு வரை பிள்ளைகள் வருகிறார்கள். வருடா வருடம் பிள்ளைகள் மாறுகிறார்கள். அடுக்குக்குறிப் பாடம் வந்தால் கேள்விகள் மட்டும் மாறுவதில்லை. அவற்றை அவர்கள் கேட்ட வாக்கிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். அம்மா அப்பாக்கள் கேட்டதும் உண்டு.

பாடப் புத்தகத்தில் மாறிகளுக்கு ஆங்கில எழுத்து இருக்கும். இங்கே அ, ப, வ என்று தமிழ் எழுத்தையே வைத்திருக்கிறேன். எழுத்து எதுவானாலும் கணக்கு ஒன்றுதான். அடுக்கிலேயே எழுத்தோ பின்னமோ வரும் இடத்தில் ^ என்ற குறியைப் போட்டிருக்கிறேன். 2^ந என்றால் 2-இன் அடுக்கு ந.

டீச்சரே, 2³-ன்னா ரெண்டு மூணு ஆறுதானே?

இல்லை, எட்டு. மேலே சின்னதாக நிற்கும் 3, பெருக்க வேண்டிய எண் இல்லை. கீழே இருக்கும் 2-ஐ எத்தனை முறை எழுதிப் பெருக்க வேண்டும் என்று சொல்லும் எண்ணிக்கை அது. 2 × 2 × 2 = 8. கீழே இருப்பது அடிமானம், மேலே இருப்பது அடுக்கு.

2-ஐ மூன்று முறை கூட்டினால் அது 2 × 3. மூன்று முறை பெருக்கினால் அது 2³. அடுக்கு என்பது எண்ணிக்கை என்ற இந்த ஒன்றைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள். விதி மறந்துபோனாலும் விரித்து எழுதி எண்ணிப் பார்த்தால் விதி தானே வந்து நிற்கும். பின்னால் நிறைய இடங்களில் இதையேதான் செய்யப் போகிறோம்.

அடுக்கு, படி, பவர்... எல்லாம் ஒண்ணா, வேற வேறயா?

பேச்சில் மூன்றும் ஒன்றுதான். ஒரு பல்லுறுப்புக் கோவையின் 'படி' என்று கேட்டால் மட்டும், அதில் இருக்கும் மிகப் பெரிய அடுக்கைச் சொல்ல வேண்டும். 4அ³ + அ என்பதன் படி 3.

எண்ணை இப்படி மேலே தூக்கி எழுதும் முறை, பிரான்ஸ் நாட்டு ரெனே டெக்கார்ட் 1637-இல் வெளியிட்ட வடிவியல் நூலிலிருந்து பரவியது. கனத்துக்கு மேலே 3 போட்ட அவரே, வர்க்கம் வரும்போது பல இடங்களில் எழுத்தை இரண்டு முறை பக்கத்தில் பக்கத்தில் எழுதிவிட்டார். அதனால் சந்தேகம் வரும்போது விரித்து எழுதுவதைச் சின்னப் பிள்ளை வேலை என்று யாரும் நினைக்க வேண்டாம்.

பெருக்கல் கணக்குல அடுக்க ஏன் கூட்டணும்? பெருக்கத்தானே செய்யணும்?

அ³ × அ² என்பதை விரித்து எழுதுங்கள்: (அ × அ × அ) × (அ × அ). மொத்தம் எத்தனை அ? மூன்றும் இரண்டும் ஐந்து. அதனால் அ⁵. எண்ணிக்கையைத்தான் கூட்டுகிறோம். அடிமானம் ஒன்றாக இருக்கும்போது மட்டுமே இது செல்லும்.

இந்த விதி உங்கள் வாயிலேயே இருக்கிறது. லட்சம் என்றால் 10⁵, கோடி என்றால் 10⁷. பட்ஜெட் செய்தியில் 'லட்சம் கோடி' என்கிறார்களே, அது 10⁵ × 10⁷ = 10¹². ஒன்றுக்குப் பின்னால் பன்னிரண்டு சுழியம். ஐயேழு முப்பத்தைந்து என்று பெருக்கி 35 சுழியம் போடுவீர்களா? மாட்டீர்கள். ஆர்க்கிமிடீஸ் இரண்டாயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே, அண்டம் முழுவதையும் மணலால் நிரப்ப எத்தனை மணல் வேண்டும் என்று கணக்குப் போட்டபோது இந்த விதியைப் பயன்படுத்தியிருக்கிறார். நம் குறியீட்டில் எழுதினால் அவருக்குக் கிடைத்தது 10⁶³. கன்னியாகுமரிக் கடற்கரைக்குப் போகும்போது ஒரு கைப்பிடி அள்ளிப் பார்த்துவிட்டு அந்த எண்ணை யோசியுங்கள்.

அப்போ அ² + அ³ = அ⁵. சரியா?

தப்பு. நான் பார்க்கும் தாள்களில் அதிகம் வரும் தப்பு இதுதான். அ-வுக்கு 2 போட்டுப் பாருங்கள். இடப்பக்கம் 4 + 8 = 12. வலப்பக்கம் 32. முடிந்தது. எந்தச் சுருக்கலிலும் சந்தேகம் வந்தால் இப்படி ஒரு சின்ன எண்ணைப் போட்டுப் பார்க்கலாம். 0, 1 இரண்டையும் மட்டும் போடாதீர்கள். அவை தப்பையும் சரி என்று காட்டிவிடும்.

வீடு கட்டும் இடத்தில் போய்ப் பாருங்கள். தரை ஓடு சதுர அடியில், மணல் கன அடியில். ஒரு யூனிட் மணல் என்றால் 100 கன அடி. நூறு சதுர அடி ஓட்டையும் நூறு கன அடி மணலையும் கூட்டி இருநூறு என்று எந்தக் கொத்தனாரும் எழுத மாட்டார். சதுர அடி அடி², கன அடி அடி³. அ²-உம் அ³-உம் அப்படித்தான், ஒத்த உறுப்புகள் இல்லை. 3அ² + 5அ² = 8அ² என்று கூட்டலாம். அ² + அ³ வந்தால் அப்படியே விடுங்கள், அல்லது பொதுவை வெளியே எடுத்து அ²(1 + அ) என்று எழுதுங்கள்.

3அ² × 5அ³ = 8அ⁵ தானே? கூட்டணும்னு நீங்கதானே சொன்னீங்க?

கூட்டச் சொன்னது அடுக்கை மட்டும். 3-உம் 5-உம் கெழுக்கள், சாதாரண எண்கள். பெருக்கலில் அவற்றைப் பெருக்கத்தான் வேண்டும். விடை 15அ⁵.

வகுத்தல்ல கழிக்கணும்னு தெரியும். எதுல இருந்து எத கழிக்கணும்?

தொகுதியின் அடுக்கிலிருந்து பகுதியின் அடுக்கை. அ⁷ ÷ அ³ என்றால் மேலே ஏழு அ, கீழே மூன்று அ. மூன்றை மூன்றோடு அடித்துவிட்டால் மேலே நான்கு மிச்சம்: அ⁴. கீழே இருப்பது குறை அடுக்கு என்றால் கவனம் வேண்டும். அ² ÷ அ⁻³ என்றால் 2 − (−3) = 5. இங்கே அடைப்புக்குறி போடாமல் மனக்கணக்காகச் செய்பவர்கள் பெரும்பாலும் அ⁻¹ என்று எழுதிவிடுகிறார்கள்.

0 அடுக்குன்னா ஒண்ணுமே இல்லன்னுதானே அர்த்தம்? அப்போ விடை 0 தானே வரணும், 1 எப்பிடி வரும்?

எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி இதை விடாமல் கேட்டாள். கையில் இருந்த நோட்டுத் தாளை மடிக்கச் சொன்னேன். ஒரு முறை மடித்தால் ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டு தாள், இரண்டு முறை மடித்தால் நான்கு, மூன்று முறை என்றால் எட்டு. மடித்த தாளின் ஓரத்தைக் கட்டைவிரலால் விரித்து எண்ணிப் பார்த்தாள். 2¹, 2², 2³. "இப்ப எல்லா மடிப்பையும் பிரி. எத்தனை முறை மடிச்சிருக்க?" "மடிக்கவே இல்ல." "அப்போ தாள் எத்தனை?" தாளைத் தடவிப் பார்த்துவிட்டு "ஒண்ணு" என்றாள். மடிப்பு சுழியம், தாள் ஒன்று. 2⁰ = 1.

விதிப்படியும் அதேதான். அ³ ÷ அ³ = அ³⁻³ = அ⁰. எந்த எண்ணையும் அதே எண்ணால் வகுத்தால் 1. அ சுழியமாக இருக்கக் கூடாது என்பது மட்டும் நிபந்தனை. ஏனென்றால் சுழியத்தால் வகுக்க முடியாது. 0⁰ என்ன என்று உடனே ஒருவர் கேட்பார். பள்ளிக் கணக்கில் அதை வரையறுக்காமல் விட்டுவிடுகிறோம். மேல்படிப்பில் சில பிரிவுகளில் வசதிக்காக 1 என்று எடுத்துக்கொள்வார்கள்.

மைனஸ் அடுக்குன்னா விடையும் மைனஸ்ல வருமா?

வராது. 2³ = 8, 2² = 4, 2¹ = 2, 2⁰ = 1. ஒவ்வொரு படி இறங்கும்போதும் பாதியாகிறது. இன்னும் இறங்கினால் 2⁻¹ அரை, 2⁻² கால், 2⁻³ அரைக்கால், 2⁻⁴ வீசம், 2⁻⁵ அரைவீசம். வீசத்தை மாகாணி என்றும் சொல்வார்கள். பாட்டி தாத்தா வாயில் புழங்கிய சொற்கள் இவை. பாதி, பாதியில் பாதி என்று போகும் இந்தப் பின்னங்களுக்கெல்லாம் நம் மொழியில் தனித்தனிப் பெயர் இருக்கும்போது, குறை அடுக்கைக் கண்டு பிள்ளைகள் மிரள்வது எனக்கு வருத்தமாகவே இருக்கும். அரைக்கால் என்றால் எட்டில் ஒன்று, 1/2³. அவ்வளவுதான் 2⁻³. எவ்வளவு இறங்கினாலும் அது சுழியத்துக்குக் கீழே போகாது.

பொதுவாக, அ⁻³ = 1/அ³. குறைக்குறி 'தலைகீழாக்கு' என்று சொல்கிறது. பின்னமாக இருந்தால் அப்படியே திருப்புங்கள்: (2/3)⁻² = (3/2)² = 9/4.

மைனஸ் அடுக்குள்ளத மேலே இருந்து கீழே தூக்கிப் போடலாம்னு அண்ணன் சொன்னான். எப்பவும் போடலாமா?

அண்ணன் சொன்னது பெருக்கலில் சரி. கூட்டலில் செல்லாது. அ⁻²ப / 5 என்பதை ப / (5அ²) என்று எழுதலாம். ஆனால் (அ⁻² + ப) / 5 என்பதில் அ-வை மட்டும் கீழே இறக்கினால் தப்பு. அங்கே 1/அ² + ப என்று எழுதிவிட்டு, பின்னக் கூட்டலாகத்தான் போக வேண்டும்.

இன்னொன்று. 3அ⁻² என்றால் 3/அ². அடுக்கு அ-வின் தலையில் மட்டும் இருக்கிறது, 3-க்கு அதில் பங்கில்லை. 1/(3அ²) என்று எழுதி மதிப்பெண்ணை இழந்த பிள்ளைகள் பல பேர்.

(அ³)²-க்கு அ⁵-ஆ, அ⁶-ஆ, அ⁹-ஆ? மூணுமே சரி மாதிரி தோணுது.

விரியுங்கள். (அ³)² = அ³ × அ³ = அ⁶. மூன்று மூன்றாக இரண்டு கட்டு, ஆக ஆறு. அடுக்குக்கு மேல் அடுக்கு வந்தால் பெருக்கல், அவ்வளவுதான்.

அ⁹ எங்கிருந்து வந்தது என்றால், சிலர் 3²-ஐ முதலில் செய்துவிடுகிறார்கள். அடைப்புக்குறி இல்லாமல் 2^3^2 என்று வந்தால் வழக்கப்படி மேலிருந்துதான் தொடங்க வேண்டும்: 2^9 = 512. அடைப்புக்குறி போட்ட (2³)² = 64. இரண்டுக்கும் எவ்வளவு தூரம் பாருங்கள்.

(2வ)³, 2வ³ ரெண்டும் ஒண்ணுதானே? அடைப்புக்குறி சும்மா அழகுக்குத்தானே?

இதற்கு ஆரல்வாய்மொழிக்குப் போக வேண்டும். நாகர்கோவிலிலிருந்து திருநெல்வேலிக்குப் பேருந்தில் போனால் முப்பந்தல் பக்கம் சன்னலுக்கு இருபுறமும் காற்றாலை. தென்மேற்குப் பருவக்காற்று மலைகளுக்கு நடுவே உள்ள கணவாயில் நெருக்கிக்கொண்டு வீசுவதால்தான் அவ்வளவு காற்றாலைகளை அங்கே நட்டிருக்கிறார்கள். காற்று இரண்டு மடங்கு வேகமாக அடித்தால் கிடைக்கும் ஆற்றல் எத்தனை மடங்கு? வகுப்பில் எல்லாரும் ஒரே குரலில் "ரெண்டு" என்பார்கள்.

எட்டு. காரணத்தையும் நம் விதியே சொல்லும். ஓடும் பொருளின் ஆற்றல் வேகத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது: வ². வேகம் கூடினால் ஒரு நொடியில் இறக்கையைக் கடக்கும் காற்றின் அளவும் அதே விகிதத்தில் கூடும்: வ. இரண்டையும் பெருக்கினால் வ² × வ = வ³. வேகம் இரட்டித்தால் வ இருந்த இடத்தில் 2வ வருகிறது: (2வ)³ = 2³ × வ³ = 8வ³. அடைப்புக்குறியை விட்டுவிட்டு 2வ³ என்று எழுதினால், எட்டு மடங்கு காற்றாற்றல் உங்கள் தாளில் இரண்டு மடங்காகச் சுருங்கிவிடுகிறது. இறக்கையின் நீளம் ர என்றால், அது சுழலும் வட்டத்தின் பரப்பு ர²-ஐப் பொறுத்தது. இறக்கையும் இரு மடங்கு நீளம், காற்றும் இரு மடங்கு வேகம் என்றால் (2ர)² × (2வ)³ = 4ர² × 8வ³ = 32ர²வ³. காற்றாலை தன் முழுத் திறனை எட்டிய பிறகு மின்சாரம் இப்படி ஏறாது, பொறியே அதற்குமேல் விடாது. வீசும் காற்றில் இருக்கும் ஆற்றலுக்கு இந்தக் கணக்குச் சரி.

−3²-க்கு கால்குலேட்டர்ல −9 வருது. மைனஸ் இன்ட்டு மைனஸ் பிளஸ்தானே?

கால்குலேட்டர் சரியாகத்தான் சொல்கிறது. −3² என்றால் 3-ஐ மட்டும் வர்க்கமாக்கி, பிறகு முன்னால் குறைக்குறி. (−3)² என்றால்தான் 9. முந்தின கேள்விதான் இது, 2 இருந்த இடத்தில் குறைக்குறி வந்திருக்கிறது. அடைப்புக்குறிக்குள் குறை எண் இருந்தால், அடுக்கு இரட்டைப்படை எனில் விடை மிகை, ஒற்றைப்படை எனில் குறை: (−2)⁴ = 16, (−2)⁵ = −32.

(அப)² = அ²ப² சரின்னா, (அ + ப)² = அ² + ப² மட்டும் ஏன் தப்பு?

பத்து மீட்டருக்குப் பத்து மீட்டர் சதுர மனை ஒன்று இருக்கிறது. சதுரம் கெடாமல் பக்கத்தை 3 மீட்டர் கூட்டுகிறீர்கள். புதுப் பரப்பு 13² = 169. 10² + 3² என்றால் 109 தான். மிச்சம் 60 சதுர மீட்டர் எங்கே போனது? தாளில் வரைந்து பாருங்கள். பழைய மனையின் ஒரு பக்கத்தில் 10-க்கு 3 என்று ஒரு பட்டை, இன்னொரு பக்கத்தில் அதே அளவில் இன்னொரு பட்டை, மூலையில் 3-க்கு 3 சின்னச் சதுரம். அந்த இரண்டு பட்டைகள்தான் 2அப. அதை விட்டால் மனையில் 60 சதுர மீட்டரை விட்டதாக ஆகும்.

அடுக்கு பெருக்கலுக்குள் பிரிந்து போகும், கூட்டலுக்குள் பிரிந்து போகாது. கொஞ்சம் முன்னால் (அ⁻² + ப)/5 கணக்கில் மாட்டிக்கொண்டதும் இதே காரணத்தால்தான்.

அடிமானம் வேற வேறயா இருந்தா என்ன செய்ய? 2³ × 3² = 6⁵-ன்னு போட்டேன், தப்புன்னுட்டாங்க.

8 × 9 = 72. 6⁵ = 7776. அடிமானமும் வேறு, அடுக்கும் வேறு என்றால் விதி எதுவும் செல்லாது. ஆனால் கைவிடும் முன் இரண்டு விஷயம் பாருங்கள். அடுக்கு ஒன்றாக இருந்தால் அடிமானத்தைப் பெருக்கலாம்: 3² × 5² = 15². அடிமானத்தை ஒரே எண்ணின் அடுக்காக மாற்ற முடியுமா என்றும் பாருங்கள்: 2³ × 4² = 2³ × 2⁴ = 2⁷. தேர்வில் 4, 8, 16 அல்லது 9, 27, 81 கலந்து வந்தால் பெரும்பாலும் இந்த வழியில்தான் போக வேண்டும்.

பெரிய கோவையா வந்தா எங்கிருந்து தொடங்கணும்னே தெரியல.

ஒன்றைச் செய்தே காட்டுகிறேன். சுருக்குக: (2அ³ப⁻²)³ × (4அ⁻²ப)² ÷ (32அ²ப⁻⁵).

முதலில் அடைப்புக்குறிகளைத் திறங்கள். முதலாவது 8அ⁹ப⁻⁶. இரண்டாவது 16அ⁻⁴ப². கெழுவுக்கும் அடுக்கு உண்டு என்பதை இங்கேதான் மறப்பார்கள். 2³-ஐ 2 என்றே விட்டுவிடுவார்கள். இரண்டையும் பெருக்கினால் 128அ⁵ப⁻⁴. இனி வகுத்தல்: 128 ÷ 32 = 4. அ-வுக்கு 5 − 2 = 3. ப-வுக்கு −4 − (−5) = 1. விடை 4அ³ப. அ, ப இரண்டும் சுழியம் இல்லை என்று வைத்துக்கொள்கிறோம். எண்ணுக்கு ஒரு வரி, அ-வுக்கு ஒரு வரி, ப-வுக்கு ஒரு வரி என்று தனித்தனியாக எழுதுங்கள். குறை அடுக்கை முதலிலேயே பின்னமாக்கினால் தாள் நிறைய பின்னம்தான் நிற்கும். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

டீச்சர், இந்த மைனஸ் அடுக்கெல்லாம் நம்ம ஊர்ல என்னத்துக்கு ஆகும்?

ஒரு பையனின் அப்பா வாசலில் நின்று கேட்டது. மணவாளக்குறிச்சிக் கருமணலைச் சொன்னேன். அந்த மணலில் மோனசைட் என்ற கனிமம் இருக்கிறது, அதற்குள் தோரியம் என்ற கதிரியக்கத் தனிமம். தோரியம்-232-இன் அரை ஆயுள் ஏறத்தாழ 1.4 × 10¹⁰ ஆண்டு, அதாவது 1400 கோடி ஆண்டு. அவ்வளவு காலம் கழிந்தால் இப்போது இருப்பதில் 2⁻¹ மிஞ்சும், இரண்டு அரை ஆயுளில் 2⁻², மூன்றில் 2⁻³. மேலே சொன்ன அரை, கால், அரைக்கால்தான். ஒரே கணக்கில் மிகப் பெரிய எண்ணும் குறை அடுக்கும் சேர்ந்து வருகின்றன.

அடுக்குலயே எழுத்து வந்தா?

(3^(ந+2) − 3^ந) ÷ (2 × 3^(ந+1)). பார்த்ததும் பேனாவைக் கீழே வைத்துவிடுவார்கள். பெருக்கல் விதியைப் பின்னோக்கி ஓட்டுங்கள். கூட்டிய அடுக்கைப் பிரிக்கலாம்: 3^(ந+2) = 9 × 3^ந. 3^(ந+1) = 3 × 3^ந. மேலே 9 × 3^ந − 3^ந = 8 × 3^ந. கீழே 6 × 3^ந. விடை 4/3, ந எங்கேயும் மிச்சமில்லை. இதே யோசனையில், 2¹⁰ + 2¹⁰ எவ்வளவு என்று யாராவது கேட்டால் 2²⁰ என்று சொல்ல மாட்டீர்கள். இரண்டு 2¹⁰ என்றால் 2 × 2¹⁰ = 2¹¹.

அரை அடுக்குன்னா என்ன? பாதி தடவை எப்பிடிப் பெருக்க?

எண்ணிக்கை என்று சொன்னேன், இங்கே எண்ண முடியவில்லை. அதனால் விதியிடமே கேட்போம். 9^(1/2) × 9^(1/2) = 9^(1/2 + 1/2) = 9. தன்னையே பெருக்கினால் 9 தரும் மிகை எண் 3. ஆகவே 9^(1/2) என்பது வர்க்கமூலம். 1/3 என்றால் கனமூலம். 8^(2/3) வந்தால் முதலில் மூலத்தை எடுங்கள்: கனமூலம் 2, அதன் வர்க்கம் 4. முதலில் 64 ஆக்கிவிட்டு மூலம் தேடினாலும் 4 தான், ஆனால் எண் பெரிதாகிவிடும்.

டீச்சரே, −1 = (−1)^(2/2) = ((−1)²)^(1/2) = 1^(1/2) = 1. அப்போ −1-உம் 1-உம் ஒண்ணா?

பத்தாம் வகுப்புப் பையன் ஒருவன் நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதிக்கொண்டு வந்தான். நல்ல கேள்வி. வரி வரியாகப் பார்ப்போம். 2/2 என்பது 1 தான், முதல் சமக்குறியில் தப்பில்லை. இரண்டாவதில்தான் வழுக்குகிறது. அடுக்குக்கு மேல் அடுக்கைப் பெருக்கும் விதி முழு எண் அடுக்குகளுக்கு எந்த அடிமானத்துக்கும் செல்லும் (குறை அடுக்கு வந்தால் அடிமானம் சுழியமாகக் கூடாது). பின்ன அடுக்குக்கு அடிமானம் மிகை எண்ணாக இருக்க வேண்டும். இங்கே அடிமானம் −1.

எண்ணிப் பார்த்தும் புரிந்துகொள்ளலாம். −1-ஐ வர்க்கமாக்கிய உடனேயே அதன் குறைக்குறி அழிந்துவிட்டது. 1-லிருந்து வர்க்கமூலம் எடுக்கும்போது, முன்னால் −1 இருந்ததா 1 இருந்ததா என்று அந்த 1-க்குத் தெரியாது. அதனால்தான் அ²-இன் வர்க்கமூலத்தை அ என்று எழுதாமல் |அ|, அதாவது குறைக்குறி இல்லாத அளவு, என்று எழுதச் சொல்கிறோம். அ = −5 என்றால் அ² = 25, அதன் வர்க்கமூலம் 5.